வேரும் விலையும்: குஸ்தாவோ சந்தவோலாயாவின் திரையிசை

நாட்டாரிசையை ஆதாரமாகக் கொண்டு புதிய இசை படைப்போரைப் பற்றி இருவகையான தீர்ப்புகள் வழங்கப்படுவதுண்டு. 'மரபைக் கெடுத்துவிட்டார்' என்பது ஒன்று. 'மரபை உலகறியச் செய்துவிட்டார்' என்பது மற்றொன்று. முதலாவது தீர்ப்பை வழங்குவோர் மரபைப் பூட்டிவைக்கப்பட்ட பேழையாகக் காண்கின்றனர். இரண்டாவது தீர்ப்பை வழங்குவோர் உலகச் சந்தையையே உலகமென மயங்குகின்றனர். இரு சாராருமே கேட்க மறந்த கேள்வி ஒன்றுண்டு. அவ்விசையை முதலில் உருவாக்கி, தலைமுறை தலைமுறையாகப் பேணிவந்த உழைக்கும் மக்களுக்கும் புதிய படைப்புக்குமிடையே நிலவும் உறவு யாது என்பதே அக்கேள்வி. 1960களில் நமது நாட்டிலே தேசிய இலக்கியம் பற்றியும் மண்வாசனை பற்றியும் நிகழ்ந்த விவாதங்களை அறிந்தோருக்கு இது புதிய கேள்வியன்று. ஆயினும், திரைப்படமும் தொலைக்காட்சியும் மிகப்பெரும் பண்ட உற்பத்தித் துறைகளாக வளர்ந்துவிட்ட இக்காலத்தில் அது முன்னெப்போதையும்விடக் கூர்மை பெற்றுள்ளது.

இக்கேள்வியை வெறுங் கொள்கையளவில் ஆராய்வதைக் காட்டிலும் ஒரு கலைஞரின் வாழ்க்கைப் பணியைக் கொண்டு ஆராய்வது பயனுடையதாகும். அதற்கு மிகப் பொருத்தமானவர் ஆர்ஜென்ரீனா நாட்டவரான குஸ்தாவோ சந்தவோலாயா. 2006ஆம் ஆண்டிலும் 2007ஆம் ஆண்டிலும், 'புறோக்பேக் மவுண்டன்', 'பேபல்' ஆகிய படங்களுக்காக, சிறந்த திரையிசைக்கான ஒஸ்கார் பரிசை அடுத்தடுத்துப் பெற்றவர் அவர். பரிசுகளைக் கொண்டு கலைஞரை அளப்பது நமது நோக்கமன்று. இலத்தீன் அமெரிக்காவின் மலைநாட்டு மக்களுடைய வாத்தியம் ஒன்று ஹொலிவுட்டின் தொனியையே ஓரளவு மாற்றியமைத்தது எவ்வாறு, அம்மாற்றத்திலே பெறப்பட்டது யாது, இழக்கப்பட்டது யாது என்பவற்றை நிறுத்துப் பார்ப்பதே நமது நோக்கம்.

சந்தவோலாயா 1951ஆம் ஆண்டு புவனஸ் அயர்ஸ் மாகாணத்திலுள்ள எல் பலோமார் என்னும் ஊரிலே பிறந்தவர். அவருடைய இளமைக்காலம் ஆர்ஜென்ரீன நாட்டாரிசை வரலாற்றில் முக்கியமானதொரு காலமாகும். அத்தவால்ப்பா யுப்பாங்கி என்னும் மகா கலைஞர் கால்நடை மேய்ப்போரிடமும் குடியானவரிடமும் கேட்டுத் திரட்டிய இசையைத் தமது கிற்றாரிலே வடித்துக் காட்டியிருந்தார். கம்யூனிஸ்ட் கட்சியைச் சேர்ந்தவரென்பதற்காக அவர் துன்புறுத்தப்பட்டதும் உண்டு. 1963ஆம் ஆண்டு மென்டோசா நகரிலே கவிஞர் அர்மாந்தோ தெகாதா கோமெஸ், பாடகி மெர்சேடெஸ் சோசா முதலியோர் 'புதிய பாடல்' இயக்கத்தின் அறிக்கையை வெளியிட்டனர். நாட்டார் பாடல் உல்லாசப் பிரயாணிகளுக்கான அலங்காரப் பொருளாக இருத்தலாகாது, நிகழ்கால மக்களின் வாழ்வைப் பேசவேண்டும் என்பது அவ்வியக்கத்தின் சாரம். அயல்நாடாகிய சிலியிலும் இதே விழிப்பு தோன்றியிருந்தது. அங்கு 1973ஆம் ஆண்டு செப்டெம்பர் மாதம் இராணுவம் ஆட்சியைக் கைப்பற்றியபோது பாடகர் விக்ரர் ஹாரா கொல்லப்பட்டார். மலைநாட்டு வாத்தியங்களை இசைப்பதே ஐயத்துக்குரிய செயலாகிவிட்டது. பத்து நரம்புகள் கொண்ட ஒரு சிறு வாத்தியத்தைக் கண்டு துப்பாக்கி ஏந்தியோர் அஞ்சினராயின், அவ்வாத்தியம் மக்கள் வாழ்விலே பெற்றிருந்த இடம் எத்தகையது என்பது சொல்லாமலே விளங்கும்.

அவ்வாத்தியத்தின் பெயர் சரங்கோ. அதன் வரலாறு மரபுத் தூய்மை பேசுவோர் அறியவேண்டியதொன்றாகும். ஸ்பானியப் படையெடுப்பாளர் தென்னமெரிக்காவுக்குக் கொண்டுவந்த நரம்பு வாத்தியத்தைக் கண்ட மலைநாட்டுப் பூர்வகுடிகள், தமது கைக்கும் குரலுக்கும் ஏற்ப அதனைச் சிறிதாக்கி, அர்மடில்லோ என்னும் பிராணியின் ஓட்டை அதன் முதுகாக அமைத்துக்கொண்டனர். வெள்ளிச் சுரங்கங்களிலே எண்ணற்ற பூர்வகுடி உழைப்பாளர் மாண்டொழிந்த பொத்தோசிப் பிரதேசத்தையே அதன் பிறப்பிடமாகப் பலர் கூறுவர். ஆக, தூய மரபின் சின்னமாக இன்று கருதப்படும் இவ்வாத்தியம் கலப்பிலே பிறந்தது. ஆதிக்கத்துக்கு உட்பட்ட மக்கள் ஆதிக்கக்காரரின் கருவியைத் தமதாக்கிக் கொண்டதன் விளைவு அது. எனவே, கலப்பு நிகழ்ந்ததா இல்லையா என்று கேட்பதிலே பொருளில்லை. யார் யாருடையதை எடுத்தனர், எதன் பொருட்டு எடுத்தனர் என்பதே கேட்கவேண்டியது.

சந்தவோலாயா பதின்ம வயதிலேயே 'ஆர்கோ இரிஸ்' என்னும் குழுவை அமைத்தார். வானவில் என்பது அப்பெயரின் பொருள். ஆங்கில, அமெரிக்க றொக் இசையைப் போலச்செய்வதே புதுமை என்று நகரத்து மத்தியதர வர்க்க இளைஞர்கள் எண்ணியிருந்த காலத்தில், அக்குழுவினர் மின்சாரக் கிற்றாருடன் நாட்டார் தாளங்களையும் மலைநாட்டுக் குழல்களையும் இணைத்தனர். இக்கட்டத்திலே அவருடைய நாட்டார் பற்று பெரும்பாலும் கற்பனை சார்ந்ததாகவே இருந்தது எனலாம். சமயஞ் சார்ந்ததொரு கூட்டு வாழ்க்கையும், பண்டைய அமெரிக்கா பற்றிய கனவும் அவ்விசையிலே கலந்திருந்தன. கிராமம் அங்கே ஓர் இலட்சியமாக இருந்தது. கிராமத்து மனிதர் இன்னும் உட்புகவில்லை.

1976ஆம் ஆண்டு ஆர்ஜென்ரீனாவில் இராணுவ ஆட்சி ஏற்பட்டது. 1983 வரை நீடித்த அவ்வாட்சியிலே தொழிற்சங்கவாதிகளும் மாணவரும் ஆசிரியரும் எழுத்தாளரும் இரவோடிரவாக இழுத்துச் செல்லப்பட்டனர். காணாமற் போனோர் தொகை 30,000 என மனித உரிமை அமைப்புகள் கூறுகின்றன. காணாமற் போதல் என்னுஞ் சொல்லின் பொருளை இந்நாட்டு வாசகருக்கு நாம் விளக்கவேண்டியதில்லை. மெர்சேடெஸ் சோசா மேடையிலேயே கைது செய்யப்பட்டு, பின்னர் 1979இல் நாட்டைவிட்டு வெளியேற நேர்ந்தது. நீண்ட தலைமயிரும் கிற்றாரும் உடைய இளைஞரெல்லாம் பொலிசாரின் சந்தேகத்துக்கு ஆளான அக்காலத்தில், 1978ஆம் ஆண்டு, சந்தவோலாயா லொஸ் ஏஞ்சல்ஸ் நகருக்குச் சென்றார். அவருடைய பிற்கால இசையிலே இழையோடும் ஏக்கத்தை 'இயல்பான சோகம்' என்று கூறும் விமரிசகர்கள் இந்த ஆண்டை மறந்துவிடுகின்றனர். பிறந்த மண்ணிலே வாழ இயலாது போனவனின் ஏக்கத்துக்கு வரலாறு உண்டு, காரணமும் உண்டு.

இராணுவ ஆட்சி வீழ்ந்தபின் அவர் மேற்கொண்ட பணியே, நமது கருத்திலே, அவருடைய முழு வாழ்க்கையையும் விளங்கிக்கொள்வதற்கான திறவுகோலாகும். பாடகர் லெயோன் கியெக்கோவுடன் சேர்ந்து, நாட்டின் தென்கோடியிலுள்ள உஷுவாயா நகரிலிருந்து பொலிவிய எல்லையிலுள்ள லா கியாக்கா வரை அவர் பயணஞ் செய்தார். ஒலிப்பதிவு நிலையத்துக்குக் கலைஞரை வரவழைப்பதற்குப் பதிலாக, ஒலிப்பதிவுக் கருவிகள் கலைஞரின் ஊருக்குச் சென்றன. 'உஷுவாயாவிலிருந்து லா கியாக்கா வரை' என்னும் பெயரிலே 1985ஆம் ஆண்டு முதல் வெளிவந்த அத்தொகுதிகளில், கெச்சுவா மொழியிலே பாடிய வயலின் கலைஞர் சிக்ஸ்தோ பலவெசினோவைக் கேட்கிறோம். மலைநாட்டுப் பாடல்களை ஊரூராய்ச் சென்று சேகரித்த லேடா வல்லடாரெஸ் அம்மையாரின் பங்களிப்பைக் கேட்கிறோம். பாடசாலைச் சிறுவரின் குரல்களைக் கேட்கிறோம்.

இப்பணியின் அரசியல் முக்கியத்துவத்தைக் குறைத்து மதிப்பிடுதல் தவறு. மனிதரைப் பெயரின்றி மறையச் செய்வதே ஆட்சிமுறையாக இருந்த நாட்டிலே, ஆட்சி மாறிய கையோடு, கவனிப்பாரற்றிருந்த குரல்களை அவ்வவற்றின் ஊருடனும் பெயருடனும் பதிந்துவைத்த செயல் அது. 'ஆர்கோ இரிஸ்' காலத்திலே கனவாக இருந்த கிராமம் இப்போது முகமும் பெயரும் பெற்றது. இசையமைப்பாளர் பின்னே நின்றார்; மக்கள் முன்னே நின்றனர்.

இதன் பின்னர் அவர் மெக்சிக்கோவின் 'கபே தக்குபா' போன்ற இளைஞர் குழுக்களின் இசைத்தட்டுகளைத் தயாரித்துப் புகழ்பெற்றார். அதே வேளையிலே, ஆண்டுக்கணக்கில் தனியே இசைத்துப் பதிந்துவந்த சிறுசிறு துண்டுகளைத் திரட்டி 1998ஆம் ஆண்டு 'றொன்றோக்கோ' என்னும் இசைத்தட்டை வெளியிட்டார். றொன்றோக்கோ என்பது சரங்கோவின் இனத்தைச் சேர்ந்த, அதனிலும் பெரிய, தாழ்ந்த சுருதியுடைய வாத்தியம். கேட்போர் அதன் நாதத்தை மிகப் பழமையானதென எண்ணுவர். ஆனால் 20ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியிலே பொலிவியாவில் உருப்பெற்ற கருவி அது. 'கியார்காஸ்' என்னும் நாட்டாரிசைக் குழுவை நிறுவிய எர்மோசா குடும்பத்தினரோடு அதன் வளர்ச்சி இணைத்துப் பேசப்படுகிறது. மரபு என்பது முடிந்துபோன சங்கதியன்று. மக்கள் நேற்றும் அதனை ஆக்கினர், இன்றும் ஆக்குகின்றனர் என்பதற்கு இது நல்ல சான்று.

'றொன்றோக்கோ' இசைத்தட்டிலுள்ள 'இகுவாசு' என்னுந் துண்டை 1999ஆம் ஆண்டு வெளிவந்த 'த இன்சைடர்' என்னும் அமெரிக்கப் படத்தில் நெறியாளர் மைக்கல் மான் பயன்படுத்தினார். புகையிலைக் கம்பனி ஒன்றின் இரகசியங்களை வெளியிட்ட விஞ்ஞானியின் கதை அது. ஆர்ஜென்ரீனாவுக்கும் பிரேசிலுக்கும் இடையிலுள்ள நீர்வீழ்ச்சியின் பெயரைத் தாங்கிய இசை, வட அமெரிக்க மனிதன் ஒருவனின் மனக்கலக்கத்தைக் குறிக்கப் பயன்பட்டது. சந்தவோலாயாவின் திரைவாழ்வு விரிவடைந்தது இதன் பின்னரே. அவருடைய பிற்கால வெற்றியும் சிக்கலும் இந்த ஒரு நிகழ்ச்சியிலேயே அடங்கியிருக்கின்றன என்று கூறலாம்.

வெற்றியை முதலில் நோக்குவோம். ஹொலிவுட் திரையிசையின் இலக்கணத்தை வகுத்தோர் மத்திய ஐரோப்பாவிலிருந்து வந்தவர்களாவர். வியன்னாவிலே பிறந்த மக்ஸ் ஸ்ரைனர் 1933இல் 'கிங் கொங்' படத்துக்கு இசையமைத்த காலந்தொட்டு, பெரிய வாத்தியக் குழுவே திரைப்படத்தின் குரலாகக் கொள்ளப்பட்டு வந்தது. அழவேண்டிய இடத்திலே வயலின்கள் அழும்; அஞ்சவேண்டிய இடத்திலே முரசுகள் அதிரும். பார்ப்போன் என்ன உணரவேண்டும் என்பதை வாத்தியக் குழு முன்கூட்டியே கட்டளையிடும். இசைக்குறியீட்டை எழுதவோ படிக்கவோ தெரியாதவரெனத் தம்மைப் பற்றித் தாமே கூறியுள்ள சந்தவோலாயா, இந்த ஏற்பாட்டுக்குள் ஒற்றை நரம்பிசையோடு நுழைந்தார். அவருடைய இசையிலே மௌனத்துக்கு இடமுண்டு. நரம்பிலே விரல் உரசும் ஓசைகூடத் துடைத்தெறியப்படுவதில்லை. இசைப்பவன் ஒரு மனிதன், அவனுக்குக் கைகள் உண்டு என்பதைக் கேட்போன் மறக்க இயலாது. பளபளப்பே தரமெனக் கருதப்படும் ஒரு தொழிற்றுறையில் இது சிறிய சாதனையன்று.

'அமோரெஸ் பெரோஸ்' (2000), '21 கிராம்' (2003) ஆகிய படங்களிலே அலெஹாந்த்ரோ கொன்சாலெஸ் இனியாரித்து என்னும் மெக்சிக்க நெறியாளருடன் இணைந்து அவர் உருவாக்கிய வழி, 2004ஆம் ஆண்டு வெளிவந்த 'மோட்டார் சைக்கிள் நாட்குறிப்புகள்' படத்திலே முழுமை பெற்றது. 1952ஆம் ஆண்டு ஏர்னெஸ்டோ சேகுவேராவும் அல்பெர்த்தோ கிரனாடோவும் தென்னமெரிக்கக் கண்டத்தின் ஊடாகச் செய்த பயணத்தை, பிரேசில் நாட்டு நெறியாளர் வால்ற்றர் சாலெஸ் அப்படத்திலே சித்திரித்தார். வசதியான குடும்பத்திலே பிறந்த வைத்திய மாணவன் ஒருவன், அற்றகாமா பாலைவனத்திலே வேலை தேடி அலையும் கம்யூனிஸ்ட் தம்பதியரையும், பெரு நாட்டிலே நிலத்தினின்றும் விரட்டப்பட்ட குடியானவரையும், சான் பாப்லோ தொழுநோயாளர் நிலையத்து மக்களையும் கண்டு மனமாற்றம் அடைவதே படத்தின் உள்ளடக்கம்.

இங்கே சரங்கோவும் றொன்றோக்கோவும் காட்சிக்கு ஒட்டவைத்த அலங்காரங்களல்ல. பயணி எந்த மக்களை நோக்கிச் செல்கிறானோ அந்த மக்களின் கருவிகள் அவை. படம் முன்னேற முன்னேற, நகரத்து இளைஞனின் காதுக்கு அந்நியமாயிருந்த நாதம் அவனுடைய அகக்குரலாக மாறுகிறது. உருவமும் உள்ளடக்கமும் ஒன்றையொன்று தாங்கி நிற்கும் நிலை என்று நாம் வகுப்பறையிலே கற்பிக்கிறோமல்லவா? அதற்கு இதைவிடத் தெளிவான உதாரணத்தைத் திரையிசையிலே காண்பது அரிது. 'உஷுவாயாவிலிருந்து லா கியாக்கா வரை' என்று பெயர்பெற்ற இசைத் துண்டு இப்படத்தின் இசைத்தொகுப்பிலும் இடம்பெற்றுள்ளமை பொருள் நிறைந்தது. 1980களிலே தாம் செய்த பயணத்தை, 1952ஆம் ஆண்டின் பயணத்துக்குத் துணையாக அவர் அனுப்பிவைத்தார்.

இதே படத்தோடு தொடர்புடைய மற்றொரு நிகழ்ச்சியையும் இங்குக் குறிப்பிடவேண்டும். உருகுவே நாட்டுப் பாடகர் ஹோர்ஹே திரெக்ஸ்லர் இப்படத்துக்காக இயற்றிய பாடல் 2005ஆம் ஆண்டு ஒஸ்கார் பரிசு பெற்றது. ஸ்பானிய மொழிப் பாடலொன்று அப்பரிசைப் பெற்றது அதுவே முதன்முறை. ஆனால் விழா மேடையிலே அதனைப் பாடும் வாய்ப்பு அவருக்கு வழங்கப்படவில்லை. அமெரிக்க இரசிகருக்கு அறிமுகமான நட்சத்திரங்களைக் கொண்டு அது பாடப்பட்டது. பரிசைப் பெற மேடையேறிய திரெக்ஸ்லர், வழமையான நன்றியுரைக்குப் பதிலாகத் தமது பாடலின் சில அடிகளை வாத்தியமின்றிப் பாடிவிட்டு இறங்கினார். பாடலை ஏற்கும் சந்தை பாடியவனை ஏற்கத் தயங்கியது. வேரை விரும்பி, வேருடையவனை வாயிலிலே நிறுத்திவைக்கும் இம்மனப்பான்மையைத்தான் நாம் ஆராயவேண்டியுள்ளது.

'புறோக்பேக் மவுண்டன்' (2005) படத்தைப் பொறுத்தவரை, அதன் இசை மிகச் சில நாதங்களால் ஆனது. 1963ஆம் ஆண்டின் கோடையிலே செம்மறி மேய்க்கக் கூலிக்கமர்ந்த இரு வறிய இளைஞர்களுக்கிடையே தோன்றும் காதலைப் பற்றிய கதை அது. சமூகத்தின் கொடுமைக்கஞ்சி, வாய்திறந்து பேச இயலாத மனிதர் அவர்கள். அவர்களுடைய பேச்சைப் போலவே கிற்றாரும் ஓரிரு சொற்களோடு நின்றுவிடுகிறது. இங்கு அவர் மலைநாட்டு வாத்தியத்தைத் திணிக்கவில்லை. அமெரிக்காவின் மேற்குப் பிரதேச உழைப்பாளரின் கிற்றாரையே கையாண்டார். வேரை மதிப்பவன் எல்லா இடத்திலும் தன் ஊர் வேரையே நடமாட்டான். அந்தந்த மண்ணின் வேரைத் தேடுவான் என்பதை இப்படம் காட்டுகிறது.

'பேபல்' (2006) படத்திலேயோ சிக்கல் தலைகாட்டுகிறது. மொறொக்கோ, மெக்சிக்கோ, ஜப்பான் ஆகிய நாடுகளிலே நிகழும் கதைகளை அப்படம் பின்னுகிறது. அரபு உலகின் 'ஊத்' என்னும் நரம்பு வாத்தியத்தை அவர் இதிலே பயன்படுத்தினார். இசை அழகானதே. ஆனால் அது செய்யும் வேலையை நோக்குவோம். சுடப்பட்ட அமெரிக்கப் பெண்ணை மீட்க ஹெலிகொப்டர் வருகிறது. மொறொக்கோ நாட்டு ஆட்டிடையச் சிறுவனைத் தேடிப் பொலிசாரின் குண்டு வருகிறது. அமெரிக்க வீட்டிலே ஆண்டுக்கணக்காகப் பிள்ளை வளர்த்த மெக்சிக்கப் பணிப்பெண் நாடு கடத்தப்படுகிறாள். இவர்கள் எல்லோர் மீதும் ஒரே ஏக்கத்தை இசை போர்த்திவிடுகிறது. மனிதர் அனைவரும் துயருறுகின்றனர் என்பது உண்மை. ஆயினும் துயரத்தின் காரணங்கள் ஒன்றல்ல. அதிலிருந்து தப்புவதற்கான வசதிகளும் ஒன்றல்ல. அவ்வேறுபாட்டைக் கரைத்துவிடும் இசை, எத்துணை இனிமையானதாயினும், யதார்த்தத்தின் ஒரு பாதியை மறைத்துவிடுகிறது. மனிதாபிமானம் வர்க்கப் பார்வையைக் கைவிடும்போது நேரும் விபத்து இது.

தொலைக்காட்சியிலே இச்சிக்கல் மேலும் கடுமையாகிறது. தொலைக்காட்சித் தொடரின் தலைப்பிசை ஒரு நிமிடமோ ஒன்றரை நிமிடமோ ஒலிப்பது. அத்தியாயந்தோறும் அது திரும்ப ஒலிக்கும். கதையை விரிப்பதைக் காட்டிலும் தொடரை அடையாளங் காட்டுவதே அதன் முதற்கடமை. கடைப்பொருளின் மேல் ஒட்டப்படும் முத்திரையைப் போன்றது அது. அமெரிக்காவின் கண்டங்கடந்த புகையிரதப் பாதை அமைக்கப்பட்ட காலத்தைச் சித்திரித்த 'ஹெல் ஒன் வீல்ஸ்' (2011), விஸ்கொன்சின் மாநிலத்துக் கொலைவழக்கொன்றை ஆராய்ந்த 'மேக்கிங் எ மேடரர்' (2015) ஆகிய தொடர்களுக்கு அவர் தலைப்பிசை வழங்கினார். 2013ஆம் ஆண்டு வெளிவந்த 'த லாஸ்ற் ஒஃப் அஸ்' என்னும் கணினி விளையாட்டுக்கு அவர் அமைத்த இசை, 2023இலே அது எச். பி. ஓ. நிறுவனத்தின் தொலைக்காட்சித் தொடரானபோது உலகெங்கும் பரவியது.

'த லாஸ்ற் ஒஃப் அஸ்' தொற்றுநோயால் அழிந்துபோன அமெரிக்க நகரங்களினூடே தப்பிப் பிழைத்தோர் நடந்து செல்லுங் கதை. அதன் தலைப்பிசையிலே ஒலிப்பது றொன்றோக்கோ. கோடிக்கணக்கானோர் அந்நாதத்தைக் கேட்டு உருகியிருப்பர். அவர்களுள் பொலிவியாவை நினைத்தோர் எத்தனை பேர்? சிலியிலே இந்த இனத்து வாத்தியத்தை இசைத்தோர் அஞ்சி வாழ்ந்த காலம் ஒன்று இருந்ததென அறிந்தோர் எத்தனை பேர்? மக்கள் கூட்டமாகக் கூடி ஆடிப்பாடும் விழாக்களிலே ஒலித்த வாத்தியக் குடும்பம், தனிமையின் சின்னமாக மாற்றப்பட்டிருக்கிறது. ஊரும் பெயரும் கழிக்கப்பட்டு உணர்ச்சி மாத்திரம் எடுத்துக்கொள்ளப்பட்டிருக்கிறது. மலைநாட்டுச் சுரங்கங்களிலிருந்து வெள்ளியும் வெள்ளீயமும் சென்ற பாதையிலேயே நாதமுஞ் செல்கிறது என்று கூறினால் அது மிகையாகுமா?

ஓரளவுக்கு மிகையாகும் என்பதே நமது விடை. வெள்ளியைத் தோண்டியெடுத்தால் சுரங்கம் வெறுமையாகும்; இசையை ஒருவர் எடுத்துப் பாடுவதால் மற்றவரின் இசை குறைந்துபோவதில்லை. மேலும், மக்கள் கருவி ஒன்று அவர்களுடைய எல்லையைத் தாண்டி, பனிபடர்ந்த நாட்டு மனிதன் ஒருவனின் துயரத்தையும் பேசவல்லது என்று மெய்ப்பிக்கப்பட்டமை அம்மக்களுக்குப் பெருமையே. நாட்டாரிசை நாட்டாரைப் பற்றி மாத்திரமே பேசவேண்டும் என்று விதித்தல், ஐரோப்பிய வாத்தியக் குழுவுக்கே உலகப் பொதுமை உண்டு என்று ஒப்புக்கொள்வதாகும்.

ஆனால் கடனின் கணக்கு அதனோடு தீர்ந்துவிடுவதில்லை. பதிப்புரிமைச் சட்டம் தனி மனிதன் இயற்றிய மெட்டைப் பாதுகாக்கும். ஒரு மக்கட் கூட்டம் நூற்றாண்டுகளாக உருவாக்கிய இசைமுறையையும், நரம்பை மீட்டும் பாணியையும், வாத்தியத்தின் நாதத்தையும் அது பாதுகாப்பதில்லை. தனிச் சொத்தையே சொத்தென அறிந்த சட்டம் அது. தனி மனிதரின் மெட்டுக்குக்கூட, அம்மனிதர் வறிய நாட்டவராயின், பாதுகாப்பு எளிதிலே கிடைப்பதில்லை. முன்னர் நாம் குறிப்பிட்ட 'கியார்காஸ்' குழுவின் எர்மோசா சகோதரர் இயற்றி 1981இல் வெளியிட்ட பாடலின் மெட்டே, 1989ஆம் ஆண்டு 'லம்பாடா' என்னும் பெயரிலே பிரான்சிலிருந்து வெளிவந்து உலகெங்கும் விற்பனையானது. இயற்றியோர் வழக்காடியே தமது உரிமையை நிலைநாட்ட வேண்டியதாயிற்று. இத்தகைய பறிப்பைச் செய்தவரல்லர் சந்தவோலாயா. தாமே இயற்றித் தாமே இசைப்பவர் அவர். எனினும், வேரின் மணத்தை விரும்பி வேருக்கு நீர்வார்க்காத சந்தையிலேயே அவரும் தொழில் செய்கிறார். அங்கே தனியொருவரின் நல்லெண்ணம் போதுமானதாகாது.

அவ்வாறாயின், கலைஞர் செய்யக்கூடியது யாது? இதற்கும் அவருடைய பணியிலேயே விடையுண்டு. ஒஸ்கார் பரிசுகளுக்குச் சற்று முன்னரும் பின்னருமாக அவர் மேற்கொண்ட 'கபே தெ லொஸ் மாயெஸ்த்ரோஸ்' என்னும் முயற்சியை நோக்குக. 1940களிலும் 1950களிலும் புகழ்பெற்று விளங்கிப் பின்னர் மறக்கப்பட்ட முதிய ரங்கோ கலைஞர்களை அவர் புவனஸ் அயர்ஸ் நகரிலே ஒன்றுகூட்டினார். 1916இலே பிறந்த ஒராசியோ சல்கான், உருகுவே நாட்டுக் கறுப்பினப் பாடகி லாக்ரிமா ரியோஸ் முதலியோர் அதிலே பங்குகொண்டனர். 2005இல் இசைத்தட்டு வெளிவந்தது. 2008இல் அதைப் பற்றிய படம் வெளிவந்தது. செல்வரின் அரங்கமாக விளங்கிய கொலோன் நாடக மண்டபத்திலே அம்முதியோர் மேடையேறினர். துறைமுகத்துச் சேரிகளிலே, குடியேறிய கூலிகளிடையேயும் கறுப்பின மக்களிடையேயும் பிறந்த ரங்கோ, தன்னைப் பேணியவர்களின் கையாலேயே அம்மண்டபத்தில் ஒலித்தது. ஹொலிவுட்டிலே பெற்ற செல்வாக்கை அவர் எங்கே செலவிட்டார் என்பதற்கு இது சான்று.

இவற்றிலிருந்து நாம் பெறக்கூடிய அளவுகோல்கள் மூன்று. வேர்சார் கலை தனது கடனைப் பெயர்சொல்லி ஒப்புக்கொள்கிறதா? அம்மக்களின் வாழ்விலுள்ள முரண்பாடுகளுக்கு அதிலே இடமுண்டா, அன்றி உணர்ச்சி மாத்திரமே பிழிந்தெடுக்கப்பட்டுள்ளதா? பெற்ற புகழும் பொருளும் ஏதேனும் ஒரு வழியிலே அம்மக்களிடம் திரும்பிச் செல்கின்றனவா? இம்மூன்றினாலும் நோக்குமிடத்து, 1985இன் பயணத் தொகுதியும் ரங்கோ முதியோருக்கான முயற்சியும் முதலிடம் பெறுகின்றன. 'மோட்டார் சைக்கிள் நாட்குறிப்புகள்' முதலிரண்டு அளவுகோல்களாலும் உயர்ந்து நிற்கிறது. 'பேபல்' இரண்டாவதிலே தடுமாறுகிறது. தொலைக்காட்சித் தலைப்பிசைகள், தம்மளவிலே நேர்த்தியானவையாயினும், முதலாவதிலேயே தவறுகின்றன. பெரும் பரிசுகளும் பெருந்தொகையான செவிகளும் இந்த வரிசைக்குப் பெரும்பாலும் தலைகீழாகவே அமைந்தன என்பது மனங்கொளத்தக்கது. சந்தை எதனை மதிக்கிறது என்பதற்கு இதற்குமேல் விளக்கம் வேண்டுமா?

2024ஆம் ஆண்டு, மெக்சிக்க எழுத்தாளர் ஹுவான் ருல்போவின் 'பேத்ரோ பாராமோ' நாவல் திரைப்படமானபோது அதற்கும் சந்தவோலாயாவே இசையமைத்தார். 1955இலே வெளிவந்த அந்நாவல், நிலப்பிரபு ஒருவனின் கொடுமையால் பேயூராகிப்போன கிராமத்தைப் பற்றியது. எழுபது வயதைக் கடந்த நிலையிலும் இலத்தீன் அமெரிக்க மண்ணின் நிலப்பிரச்சினையோடு அவருடைய இசை தொடர்பறாது இருக்கிறதென்பது மகிழ்ச்சிக்குரியது.

ஆசிரியர்களும் மாணவர்களுமாகிய நமக்கு இதிலே ஒரு கடமையுண்டு. மாணவர் கைத்தொலைபேசியிலே இத்தகைய இசையைக் கேட்டுக்கொண்டிருக்கின்றனர், தொடர்களைப் பார்த்துக்கொண்டிருக்கின்றனர். 'இது வர்த்தகக் குப்பை' என்று ஒதுக்குவதனாலோ, 'இசைக்கு மொழியில்லை' என்று வியப்பதனாலோ நாம் அவர்களுக்கு எதனையுங் கற்பித்தவராக மாட்டோம். அந்நாதம் எந்த வாத்தியத்தினுடையது, அவ்வாத்தியம் எந்த மலையிலே எந்த உழைப்பாளரின் மடியிலே வளர்ந்தது, அதனை இசைத்தோர் எந்த ஆட்சியிலே அஞ்சி வாழ்ந்தனர் என்று கேட்கப் பழக்குவோமாயின், கேட்கும் செவி மாறும். 'உஷுவாயாவிலிருந்து லா கியாக்கா வரை' தொகுதியைத் தேடிக் கேட்பதிலிருந்து அவர்கள் தொடங்கலாம். சந்தை கழித்துவிட்ட ஊரையும் பெயரையும் மீண்டும் இசையோடு சேர்த்து வைப்பது விமரிசனத்தின் வேலை. அது வகுப்பறையிலே செய்யப்படக்கூடிய வேலையுமாகும்.